மூன்றாவது பெயர்

“யாருமே பேசலன்னா இந்த ரேடியோ யாருக்காகப்பா முழிச்சிட்டிருக்கு?” என்று சிறுவயதில் மகள் பெனிலா கேட்டபோது பிரகாசம் சிரித்துவிட்டு ரேடியோவின் குமிழைத் திருகினார். இன்று அவள் தீவு மருத்துவமனையில் நர்ஸ். புயலுக்குப் பின் இரண்டு நாளாக அங்கே போன் இல்லை. பிழைத்தவர்களின் பெயர்களை அங்கிருந்து, பிரகாசத்தைப் போலவே பொழுதுபோக்காக வீட்டில் ரேடியோ வைத்துப் பேசும் ஓர் அமெச்சூர் ரேடியோக்காரர் சொல்லிக்கொண்டிருந்தார். இரைச்சலில் அவர் குரல் மூழ்கியது. “எழுத்தா அனுப்புறேன், கம்ப்யூட்டர்ல பிடிங்க” என்பது மட்டும் கேட்டது.

பிரகாசம் கையில் கிடைத்த வயரால் ரேடியோவைக் கணினியில் செருகினார். கணினி அதைக் கண்டுகொள்ளவேயில்லை. செருகிய இடத்தை மாற்றினார், அணைத்துப் போட்டார். மனைவி அமலி ஜெபமாலையை விட்டுவிட்டு, பக்கத்து ஜெராக்ஸ் கடைத் தெரேசைக் கூட்டிவந்தாள்.

தெரேஸ் பார்த்ததும் சொன்னாள்: “அண்ணே, இது சார்ஜ் மட்டும் ஏத்துற வயரு. வேற ஒண்ணும் போகாது.” வாடிக்கையாளர்களின் போனிலிருந்து படம் எடுக்கும் தன் ஒரே கேபிளைக் கழற்றிவந்து கொடுத்தாள். “கடை கெடக்கட்டும், பிள்ளையப் பாருங்க.”

திரையில் எழுத்துகள் ஊர்ந்தன. மூன்றாவது வரியில் பெனிலா, நலம். அமலி அழுதுகொண்டே தெரேசின் கையைப் பிடித்துக் கோயிலுக்கு ஓடினாள். பிரகாசமும் எழுந்தார்.

“இன்னும் நாப்பத்தொரு பேர். அவங்க வீட்டுக்கும் சொல்லணும். இருக்கீங்களா?” என்றது திரை.

அவர்களில் யாரையும் அவருக்குத் தெரியாது. நன்றி என்று தட்டத் தொடங்கியவர், அதை அழித்தார். “இருக்கேன், அனுப்புங்க” என்று தட்டிவிட்டு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.