செலினின் ஓட்டு

ரெமி பாலைக் காய்ச்சினான், மாட்டுக்குத் தீவனம் வைத்தான், கைபேசியைத் திறந்தான். மனைவி செலின் இறந்து எட்டு மாதம்.

“வழக்கம்போல கிளைகளை இணைக்கிறதுக்கு ஆதரவா ஓட்டுப் போட்டுடுறேன்,” என்றது அவள் குரல். பிரான்சில் தொடங்கிக் காரைக்கால்வரை வளர்ந்த விவசாயக் கூட்டுறவுச் சங்கம், அவளுடைய பழைய கூட்டப் பேச்சுகளிலிருந்து கணினியில் செய்த குரல் அது. குடும்பத்துக்கு ஒரே ஓட்டு, அது செலின் பெயரில். அவளுடையதை இப்போது குரல் போட்டுவந்தது.

“இந்தத் தடவை நம்ம ஊர்க் கிளையையே மூடிடுவாங்க.”

“சங்கம் வளர்ந்தாதான் நமக்கு நல்லது, ரெமி.”

ஓட்டைத் தன் பெயருக்கு மாற்றலாம். மாற்றினால் குரல் அழிந்துவிடும். கொஞ்ச நேரம் அதைப் பேசவிட்டுக் கேட்டான். பிறகு மாற்றினான்.

கூட்டத்தில் முதல் வரிசையில் உட்கார்ந்து, பேசக் கை தூக்கினான். மருத்துவமனையில் செலின் நிஜமாகக் கடைசியில் சொன்னது:

“பின்வரிசையில ஒளிஞ்சது போதும். முன்னால போய் உக்காந்து பேசு.”