பூசாத பக்கம்

கிராணி ஐயாத்துரை சொல்லும் அந்தக் கதையில் டிரஸ்ஸர் மணியத்துக்கு ஆறு வருடமாகவே சந்தேகம்.

1932இல் மணியம், மலாயாவின் பாலோ ரப்பர் தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்து கொடுக்கும் வேலையிலிருந்து மூவார் நகரத்துக்கு மாற்றலாகிப் போனபோது, பால்வெட்டுக்காரர்கள் அவருக்கு ஒரு வாழ்த்துமடல் கொடுத்தார்கள். அவர் படம் போட்டு, பளபளவென்று, கண்ணாடிச் சட்டத்துக்குள்.

அதை மூவாரில் காளியப்பனின் அச்சகத்தில் அச்சுக்குக் கொடுத்தவர், தோட்டத்து ஆபீஸ் குமாஸ்தாவான ஐயாத்துரை. மூவாருக்கு வரும்போதெல்லாம் மணியம் வீட்டுச் சுவரைப் பார்த்துச் சிரிப்பார்.

“காளியப்பன் ஏமாத்திப்போட்டான், மணியம். நான் கேட்டது ஆர்ட் பேப்பர். அப்பிடியெண்டால் ரெண்டு பக்கமும் வெள்ளைக் களிமண் பூசியிருக்க வேணும். அச்சடிச்சு வந்த உடனேயே, சட்டம் போட முந்தி, ஓரத்தில வெள்ளி மோதிரத்தால கீறிப் பார்த்தன். முன்பக்கம் கறுப்புக் கோடு விழுந்தது. பின்பக்கம் விழேல்லை.”

“அப்போ அது என்ன பேப்பர்?”

“குரோமோ. ஒரு பக்கம்தான் பூச்சு. சவுக்காரப் பெட்டியில ஒட்டுற சரக்கு.”

“காளியப்பன் என்ன சொன்னாரு?”

“என்னத்தைச் சொல்லுவான்? ‘ஆமாங்க, குரோமோதான்’ எண்டு தலையைக் குனிஞ்சுகொண்டு நிண்டான். மூவார் முழுக்கச் சொல்லிப்போட்டன்.”

ஒரு எழுத்து கோணினால் நூறு தாளைக் கிழித்துப் போடுகிறவர் காளியப்பன். அவரா? மணியத்துக்கு மனம் ஒப்பவில்லை. ஆனாலும் போய்க் கேட்கவில்லை. உண்மையாக இருந்துவிட்டால், சுவரில் தொங்குவது என்ன?

இந்த மழையில் சட்டத்துக்குள் ஈரம் இறங்கியது. ஐயாத்துரை எதிரே உட்கார்ந்திருக்க, மணியம் அதைக் கழற்றினார். தாளைத் திருப்பினார்.

பின்பக்கம் முழுக்கப் பேனா மை. வேலு. செல்லம். முப்பத்தொரு பெயர்கள். கோணலும் நெளிவுமாக. ஆனால் ஒன்றுகூடக் கைநாட்டு இல்லை.

‘உங்க பேரை நீங்களே எழுதினாத்தான் மருந்து’ என்று ஆஸ்பத்திரிப் புத்தகத்தில் மணியம் எழுத வைத்த அதே எழுத்துகள்.

அடியில் சில வரிகள்: ‘பூசின பக்கம் மை ஊறலை. நாங்க எழுதுறதுக்காக அச்சுக்கார ஐயாதான் தாளை மாத்தினார். எங்க எழுத்தைப் பார்த்து கிராணி ஐயா சிரிப்பார், அவர்கிட்ட சொல்லாதீங்கன்னு கேட்டுக்கிட்டோம். திட்டு வாங்கியும் அச்சுக்கார ஐயா சொல்லலை.’

மணியம் இரண்டு தரம் படித்தார். பிறகு நிமிர்ந்து உட்கார்ந்து, தாளை ஐயாத்துரையின் மடியில் வைத்தார்.

“கிராணியாரே, மூவார் முழுக்க இதையும் நீங்களே சொல்றீங்களா, இல்ல நான் சொல்லட்டுமா?”