உப்புவட்டைக் கதிர்

வாவிக்கரை மண்வகைகளை வரைபடத்தில் குறித்துவந்த பிரஷாந்தி, நல்லரத்தினத்தின் வயல்வட்டையில் துளைக்கருவியை இறக்கினாள். உப்பேறி, பல போகமாகப் புல்கூட முளைக்காத நிலம். மேலே வந்த களியைக் கிள்ளி, வழக்கம்போல் நாவில் வைத்தாள். கரித்தது. அதற்கடியில் சிப்பிமண். அதுவும் கரித்தது.

“உப்பு நிலமெண்டே போடுங்க பிள்ளை. காணிய வித்துப்போட்டு மகனிட்டப் போறன்,” என்றார் நல்லரத்தினம்.

ஓராள் ஆழத்திலிருந்து அடுத்த மண் வந்தது. அதில் ஒரு நெற்கதிர் இருந்தது. பச்சையாக, பனி காயாமல்.

அவர் ஒரு மணியைக் கடித்தார். உதட்டில் வெள்ளையாகக் கசிந்தது.

“பால் பிடிச்சிருக்கு. ஒரு மாசத்தில வெட்டலாம்.”

பிரஷாந்தி குழியில் காதை வைத்தாள். கீழே யாரோ கிளி விரட்டிக்கொண்டிருந்தார்கள். நல்லரத்தினத்தின் குரலேதான். அவரோ வாயைத் திறக்காமல், வயலுக்குள் இறங்குகிறவர்போல் செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தார்.