பிஷப் ஹார்வெலின் ஒப்பம்

அறையில் நான்கு பேர் இருக்கிறோம்: ரோமிலிருந்து பிரிந்த புதிய சபையின் பிஷப்பாகச் சாகக் கிடக்கும் என் தம்பி எட்மண்ட், அவன் மனைவி ஜில்லியன், உயிலை எழுதிக்கொண்டுவந்த குமாஸ்தா ஃபோல்க், ஹார்வெல் குடும்பத்தின் மூத்தவனான நான். சாம்பல் நிறப் பகல் வெளிச்சம் கட்டிலின் பாதிவரை வந்து நின்றுவிடுகிறது. "கிறிஸ்துவின் தயவால் மட்டுமே மீட்கப்படுவேன்" என்ற உயில் வரிக்குக் கீழே எட்மண்ட் தன் கையாலேயே ஒப்பமிட வேண்டும். இல்லாவிட்டால், சாகும்போது ரோமின் பழைய சபைக்கே திரும்பிவிட்டான் என்று ஊர் சொல்லும். எங்கள் குடும்பப் பெயர் அதைத் தாங்காது. ஆனால் குளிரில் வெடித்த விரல்கள் இறகுப் பேனாவைச் சுற்றி மடங்க மறுக்கின்றன. நான் முழந்தாளிட்டு, கிண்ணத்திலிருந்து வாத்துக் கொழுப்பை எடுத்து ஒவ்வொரு விரலாகத் தேய்க்கிறேன். "நாப்பது வருஷம் கிரேக்கம் படிச்சேன், அண்ணே. கடைசியில வாத்துதான் கைகொடுக்குது," என்கிறான், கண்ணைத் திறக்காமல். "பேசாம விரலை மடக்குடா." ஜில்லியன் தலையணையைச் சரிசெய்கிறாள். "அதட்டாதீங்க, பெரியத்தான். ராணியம்மா அதட்டியே மசியாத மனுஷன்." விறகோடு கதவைத் திறக்கும் வேலைக்காரி மாட், மண்டியிட்டிருக்கும் என்னையும் மினுங்கும் அவன் விரல்களையும் பார்க்கிறாள். சிலுவை போட்டுக்கொண்டு, விறகை வாசலிலேயே வைத்துவிட்டுப் போகிறாள். பேனா இரண்டு எழுத்து நகர்ந்து நிற்கிறது, மறுபடி நகர்கிறது. முழுப் பெயரும் வந்ததும் எட்மண்ட் பேனாவைப் போர்வைமேல் நழுவ விடுகிறான். மை பரவுகிறது. யாரும் எடுக்கவில்லை.

பழைய சபைப் பாதிரியாரை ரகசியமாக வரவழைத்து பிஷப் சாகுமுன் பூசும் புனித எண்ணெயால் அவஸ்தை பூசிக்கொண்டார் என்று சந்தையில் பேசுகிறார்கள். பாதிரியார் யாரும் வரவில்லை. பூசியது வாத்துக் கொழுப்பு. பூசியவன் நான்.