வெயிலுக்கு ஆசைப்பட்ட நீச்சல் டவுசர்

நீச்சல் குளத்திலிருந்து வந்ததும் மாசிலாமணி தன் சிவப்பு டவுசரைக் குளோரின் வாடை போகப் பச்சைத் தண்ணீரில் அலசுவார். முறுக்கிப் பிழிய மாட்டார். துண்டில் வைத்து ஒற்றியெடுத்து, மாடிப்படி நிழலில் காயப்போடுவார். துண்டு மட்டும் மொட்டை மாடிக் கொடிக்குப் போகும்.

டவுசருக்கு அது பொறுக்கவில்லை. "உனக்கு மாடி, எனக்கு மூலையா?" என்று துண்டிடம் கேட்டது.

"நான் பருத்தி, வெயில் தாங்குவேன். உன் இடுப்புல இருக்கிறது எலாஸ்டிக். உன்னைத்தான்டா அவர் பொத்திப் பொத்தி வச்சிருக்காரு" என்றது துண்டு.

"பொறாமையில பேசாதே" என்ற டவுசர், படியில் உட்கார்ந்திருந்த காக்கையைக் கூப்பிட்டது. "அண்ணே, என்னைக் கொஞ்சம் மேல தூக்கிட்டுப் போங்களேன்."

காக்கை அதைக் கவ்விக்கொண்டு போய்க் கொடியில் போட்டது. டவுசர் சுகமாகக் காலை நீட்டிக்கொண்டது. அன்று முதல் தினமும் அதே கதைதான். மாசிலாமணி காக்கையைத் திட்டிக்கொண்டே போய் எடுத்து வருவார். சிவப்பு மெல்ல ரோஸ் ஆனது. இடுப்பு தொளதொளத்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, குளம் நிறையக் கூட்டம். மாசிலாமணி உயரத்திலிருந்து தலைகீழாகப் பாய்ந்தார். அவர் ஆழத்துக்குப் போனார். டவுசர் மேலேயே மிதந்தது. குளமே சிரித்தது. யாரோ எறிந்த துண்டைச் சுற்றிக்கொண்டு அவர் ஒருவழியாகக் கரையேறினார்.

மறுநாள் டவுசர் ஸ்கூட்டரைத் துடைத்தது. துடைத்து முடிந்ததும் மொட்டை மாடிச் சுவரில் விழுந்தது. உச்சி வெயில்.

காக்கை வந்து பார்த்தது. "என்ன தம்பி, இன்னிக்கு உன்னை யாரு தூக்கிட்டு வந்தது?"

"அவரேதான்" என்றது டவுசர்.