மூன்றாவது அழைப்பு

நீதிமன்றத் தாழ்வாரத்தில் மாலை வெயில் பெஞ்சின் பாதிவரை ஏறியிருக்கிறது. மறுபாதியில், கைப்பையை மடியில் இறுக்கிக்கொண்டு அவள் தனியாக உட்கார்ந்திருக்கிறாள். தோழியோடு அவள் போனில் பேசியதையெல்லாம் கணவன் ஒளித்துப் பதிவு செய்திருந்தான். அந்தரங்கம் அரசியல் சாசனம் தந்த உரிமை, அந்தப் பதிவைச் சாட்சியமாக ஏற்க முடியாது என்று நீதிபதி சற்றுமுன்தான் தீர்ப்புச் சொன்னார். "ஜெயிச்சுட்டோம்மா. தீர்ப்புல உங்க பேரே வராது, வெறும் மனுதாரர்தான். கூப்பிடுவாங்க, நகலை வாங்கிட்டுக் கிளம்புங்க" என்று சொல்லிவிட்டு வக்கீல் அடுத்த வழக்குக்கு ஓடிவிட்டார். பதிவு வெளியே வந்த நாளிலிருந்து தோழி போனை எடுப்பதில்லை. அம்மா வீட்டிலோ "அவ வந்தாச்சா, அவ சாப்பிட்டாச்சா" என்பதோடு சரி. பேர் சொல்லிக் கூப்பிட ஒரு வாய் இல்லை. எங்கோ குழாய் சொட்டுகிறது. கதவு திறக்கிறது. பேரை மறைக்கச் சொன்ன உத்தரவு காதில் ஏறாத சேவகர், பழக்கதோஷத்தில், அவள் பேரைத் தாழ்வாரமே அதிரக் கூவுகிறார். நாலைந்து தலைகள் திரும்புகின்றன. ஓடிப்போய் அவர் வாயைப் பொத்தியிருக்க வேண்டும். அவள் அசையவில்லை. இரண்டாம் முறை இன்னும் நீட்டி, நிறுத்திக் கூப்பிடுகிறார். "ஏம்மா, உங்களைத்தானே கூப்பிடறாங்க? குரல் குடுக்கக் கூடாதா?" என்கிறார் கட்டோடு அந்தப் பக்கம் வந்த வக்கீலின் குமாஸ்தா. எப்படியும் மூன்று தடவை கூப்பிடுவார்கள் என்பது இத்தனை மாதம் இங்கே நடையாய் நடந்ததில் அவளுக்குத் தெரியும். கண்ணை மூடிக்கொண்டு மூன்றாவதற்காகக் காத்திருக்கிறாள்.