காத்திருந்து கிடைத்த கைட்

"ஜப்பானுக்கோ? எங்கட ஆக்கள் கனடாவுக்கெல்லோ போறவை," என்றார் நிர்மலன். ஜெர்மனியிலிருந்து லண்டனின் இல்ஃபோர்ட்டுக்குப் புதிதாகக் குடிவந்த பக்கத்து வீட்டுக்காரர்.

"கியோட்டோவுக்கு. கூட்டம் வராத கோயில்கள், பழைய தெருக்கள் எல்லாம் நடந்து பாக்கப்போறம். எங்களுக்கெண்டு தனி கைட்," என்றார் ஞானேஸ்வரன். "அவவிட்ட இடம் கிடைக்க ஒரு வருசம் காத்திருந்தனாங்கள்."

"வேறை கைட் இல்லையோ?"

"இருக்கினம். ஆனா அவவைப்போலை ஆரும் இல்லை. வெளியாக்களை விடாத கோயில்களிலையும் அவவுக்குக் கதவு திறப்பினமாம்."

அவருடைய மனைவி ஜெகதீஸ்வரி பருத்தித்துறை வடைப் பொதியொன்றைப் பயணப் பெட்டிக்குள் திணித்தார். "இது கைட்டுக்கு."

நிர்மலன் சிரித்தார். "ஜப்பான்காரி இந்த உறைப்பைத் தாங்குவாவோ?"

"ஏன் தாங்காமல்? என்ரை மகள் சின்னனிலையிருந்து தின்னுறவள்," என்றார் ஜெகதீஸ்வரி.

நிர்மலன் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "உங்கட மகளோ? சொந்தத் தாய் தேப்பனையே ஒரு வருசம் காக்கவைச்சவளோ?"

"'முதல் பதிஞ்ச ஆக்களைத் தள்ளிப்போட்டு உங்களைக் கூட்டிக்கொண்டு போக ஏலாது அப்பா' எண்டிட்டாள்," என்றார் ஞானேஸ்வரன்.

யாரும் கேட்காமலே அதை இன்னொரு தரமும் சொன்னார்.